நீ வாங்கிப்போன மூக்குக்கண்ணாடி

இன்று காலைத் தபாலில் ஒரு சிறிய அட்டைப்பெட்டி வந்தது. உன் மகள் அனுப்பியிருந்தாள். பஞ்சைப் பிரித்தால் உள்ளே ஒரு மூக்குக்கண்ணாடிச் சட்டம். மெல்லிய கம்பிச் சட்டம், வலது காதுப் பக்கம் சற்று வளைந்தது, லென்ஸ் இரண்டும் இல்லாதது. முகர்ந்து பார்த்தேன். முகப்பவுடரும் பாச்சை உருண்டையும் கலந்த வாசனை. உன் அலமாரியைத் திறந்தால் வரும் வாசனை.

கூடவே ஒரு குறிப்பு: “இதை உங்களிடம் சேர்த்துவிடச் சொன்னார் அம்மா. லென்ஸைப் பற்றிக் கேட்டால் தனக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லச் சொன்னார்.”

லென்ஸைப் பற்றி எனக்குத் தெரியும். ஒன்றின் மேல் உன் படத்துக் கதாநாயகன் உட்கார்ந்தார். மற்றதைக் காக்கை தூக்கிப்போனதாக உன் மாமா சொன்னார். காக்கை விஷயத்தில் அவர் சொன்னதற்கு மறுபேச்சு கிடையாது.

நீ இருந்தவரை நான் உனக்கு எழுதிய எந்தக் கடிதமும் நாலு வரியைத் தாண்டியதில்லை. “தந்தி ஆபீசுல வேலை பாக்கறியா?” என்று கேட்பாய். இப்போது நீ படிக்கப்போவதில்லை என்பதால் கொஞ்சம் நீட்டி எழுதலாம் என்று தோன்றுகிறது.

நீ எங்கள் வீட்டுக்குக் குடிவந்தபோது உனக்கு ஒன்பது வயது, எனக்குப் பதினொன்று. மல்லசமுத்திரத்தில் நிலத்தை விட்டுவிட்டு என் படிப்புக்காக அப்பா சேலத்தை அடுத்த கொண்டப்பநாயக்கன்பட்டியில் வீடு கட்டியிருந்தார். அதன் பின்கட்டை உன் மாமாவுக்கு வாடகைக்குக் கொடுத்தார். தாயில்லாத உன்னை ஆத்தூரிலிருந்து அழைத்து வந்து, புளியந்தோப்பில் தகரக் கொட்டகை போட்டுப் படமெடுத்த டாக்கிக் கம்பெனியில் சேர்த்திருந்தார் அவர்.

அம்மாவுக்குச் சம்மதமில்லை. “ஆட்டக்காரங்களுக்கு ஊடு குடுத்தா நாலு பேரு என்னங்க பேசுவாங்க?” என்றாள்.

“என்ன பேசுவாங்க? ஓசிப் பாசு கிடைக்குமான்னு கேப்பாங்க” என்றார் அப்பா. அப்படித்தான் நடந்தது.

அந்தக் கம்பெனியில் உனக்கு வேலை, கடவுளாக இருப்பது. பால முருகன், பாலகிருஷ்ணன், இடையில் ஒருமுறை வாமனன். பெண் குழந்தைகள்தான் அப்போது பையன் சாமிகளுக்கு வேஷம் கட்டினார்கள்; முகம் லட்சணமாக இருக்குமாம். உன் மாமாவுக்கும் அங்கே வேலை உண்டு. மைக்கில் எல்லாச் சத்தமும் விழுந்துவிடும் என்பதால் காக்கை ஓட்டுவதற்கு ஓர் ஆள் வேண்டியிருந்தது. நீ வரம் கொடுக்கக் கையைத் தூக்கும் நேரத்தில் கொட்டகைக்கு வெளியே உன் மாமா குடையோடு மரத்துக்கு மரம் ஓடுவார். வெளியில் கேட்டால் “கம்பெனியில சவுண்டு டிபார்ட்மெண்டுங்க” என்பார்.

உன் முதல் படத்துக்கு நாம் மூவரும் போனது நினைவிருக்கிறதா? திரையில் நீ மயில்மேல் வந்ததும் அம்மா எழுந்து நின்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள். கண்ணில் நீர் வழிந்தது. அதே கண்ணோடு பக்கத்து நாற்காலியைப் பார்த்து, “கடலைத் தொலியக் கீழ போடாத சாமி, ஆளுங்க நடக்கோணுமில்ல” என்றாள். கடலை தின்றுகொண்டிருந்தவள் நீ. இரண்டு சாமிக்கும் சம்பந்தமிருப்பதாக அவளுக்குக் கடைசிவரை படவில்லை. மாரியம்மன் நோன்புக்குத் தெருவிலிருந்து உனக்குத் தனியாக ஒரு தட்டுப் பலகாரம் வந்துகொண்டிருந்தது. நீ எனக்கு அதில் பாதி கொடுத்தாய் என்பதால் நீ சாமியா என்று நான் சந்தேகித்ததை வெளியில் சொல்லவில்லை.

நான்கைந்து வருஷம் கடவுளாக இருந்தாய். பிறகு வளர்ந்துவிட்டாய். அதைத் தவிர நீ எந்தத் தப்பும் செய்யவில்லை. கிரீடம் நெற்றியிலேயே நின்றது. குரல் மாறியது. கம்பெனி வேறு குழந்தையைத் தேடிக்கொண்டு, உன்னை ராணிக்குப் பின்னால் தாம்பாளம் ஏந்தி நிற்க வைத்தது. இரண்டு வருஷம் தாம்பாளம் ஏந்தினாய். உன் மாமா பொறுமை இழந்து ஆத்தூரில் ஓர் அரிசி மில்காரரைப் பார்த்துவிட்டு வந்தார்.

“நல்ல மனுசருங்க. ஏற்கெனவே ரெண்டு சம்சாரம், ரெண்டையும் நல்லா வெச்சிருக்காரு” என்று அம்மாவிடம் சொன்னார்.

“நல்லா வெச்சிருந்தா மூணாவது எதுக்குங்க?” என்றாள் அம்மா.

அப்போது யுத்தகாலம். சென்னையில் குண்டு விழும் என்று ஊரே மூட்டை கட்டிய சமயம். நான் படித்துக்கொண்டிருந்த கல்லூரியையும் மூடி எங்களை அனுப்பிவிட்டார்கள். உன் கம்பெனி எடுக்கவிருந்த படத்தின் கதாநாயகியும் சென்னையிலிருந்து நேராகத் தன் சொந்த ஊருக்குப் போய்விட்டாள். சேலத்துக்கு வரமாட்டேன் என்று தந்தி அடித்தாள். டைரக்டர் சுற்றுமுற்றும் பார்த்தார். தாம்பாளத்தோடு நீ நின்றாய்.

படத்தின் பெயரை எழுத எனக்கு இன்றும் மனமில்லை. பி.ஏ. படித்த ஒரு பெண் மிராசுதார் வீட்டுக்கு மருமகளாகப் போகிறாள். சமையற்காரனிடம் இங்கிலீஷ் பேசுகிறாள். கடைசியில் புருஷன் காலில் விழுந்து புத்தி தெளிகிறாள். இதுதான் கதை. உன் மாமா ஒரு முடிவுக்கு வந்தார்: படம் ஓடினால் கம்பெனியில் நிரந்தர வேலை, ஓடாவிட்டால் தை மாதம் ஆத்தூர். மில்காரரும் சம்மதித்துக் காத்திருந்தார்.

நீ என் அறைக்கு வந்து கட்டிலில் சம்மணமிட்டு உட்கார்ந்தாய். என் அம்மா கூப்பிடுவதைக் கேட்டு நீயும் என்னை அம்மணி என்றுதான் கூப்பிடுவாய்.

“அம்மணி, காலேஜ் பொண்ணு எப்படி நடப்பா?”

“எல்லாரும் நடக்கறாப்பலதான்.”

“அப்ப இத்தனை வருசம் எதுக்குப் படிக்கறே? சரி, கோவம் வந்தா என்ன செய்வா?”

“எனக்குக் கோவம் வராது.”

“பொய். நேத்து என் மாமா, பொண்ணுங்க படிச்சா முடி கொட்டிடும்னாரு. நீ விரல் முட்டியால மூக்குக்கண்ணாடியை மேல தள்ளினே. புஸ்தகத்துக்குள்ள விரலை வெச்சு மூடினே. ஜன்னலைப் பாத்தே. அப்புறம் ‘இருக்கலாம்’னே. மாமாவுக்கு அதுக்கு மேல பேச்சே வரலை. என் மாமாவுக்கு!”

நான் அப்படிச் செய்வதாக எனக்குத் தெரியாது. மறுநாளிலிருந்து என்னால் ஜன்னலை இயல்பாகப் பார்க்க முடியவில்லை, நீ பார்த்துக்கொண்டிருந்தாய். ஒரு மாதம் நான் புத்தகத்தைப் படித்தேன், நீ என்னைப் படித்தாய். என் பருத்திப் புடவை இரண்டு போயிற்று. கம்பெனியில் பெண்களுக்கான மூக்குக்கண்ணாடி இல்லை என்று என்னுடையதும் போயிற்று. விளக்கு வெளிச்சத்தில் லென்ஸ் இரண்டு நிலாப் போல் மின்னியதால் கழற்றி வைத்தார்களாம். கழற்றி வைத்த இடம் ஒரு நாற்காலி. புது லென்ஸ் சென்னையிலிருந்து வரவேண்டும், சென்னையிலோ கடை மூடிக்கிடந்தது.

படத்தில் உன் கையில் கொடுக்கவிருந்த டென்னிஸ் மட்டை மட்டும் வேண்டாம் என்று சொல்லியனுப்பினேன். என் வாழ்நாளில் நான் அதைத் தொட்டதில்லை.

“அதையும் சொல்லிப் பாத்தேன்” என்றாய். “மட்டை இல்லைன்னா அவ படிச்சவன்னு ஜனங்களுக்கு எப்படித் தெரியும்னு டைரக்டர் கேக்கறாரு.” பிறகு படத்தில் பார்த்தேன். முறம் பிடிப்பதுபோல் அதைப் பிடித்திருந்தாய்.

கடைசிக் காட்சி எடுத்த அன்று என்னையும் அம்மாவையும் கூட்டிப்போனாய். கண்ணாடி இல்லாத எனக்கு எதிரில் இருந்ததெல்லாம் மூட்டம். வெள்ளையாக ஓர் உருவம் கதாநாயகன் என்றும், அதன் கீழே குவியலாகக் கிடந்தது நீ என்றும் அம்மா சொல்லித்தான் தெரியும். கதாநாயகன், “இனியாவது கணவன் சொல்வதே சரி என்று ஒப்புக்கொள்கிறாயா?” என்று கேட்க வேண்டும். நீ, “ஒப்புக்கொண்டேன் நாதா” என்று விம்ம வேண்டும். மூன்றுமுறை ஒத்திகையில் சரியாக விம்மினாய்.

முதல்முறை படம் பிடித்தபோது, நாதா என்ற இடத்தில் ஒரு காக்கை மிக நிதானமாகக் கத்தியது. பார்த்தால் உன் மாமாவைக் காணவில்லை. ஆத்தூர் மில்காரர் படப்பிடிப்பைப் பார்க்க வந்திருந்தார். அவருக்கு இளநீர் வாங்க மாமா போயிருந்தார். டைரக்டர் தலையில் கையை வைத்துக்கொண்டார். யுத்தத்தினால் ஃபிலிமுக்குக் கட்டுப்பாடு. காமிராக்காரர் பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு, “இன்னும் ஒரு தடவைக்குத்தான் வரும். அடுத்த பெட்டி எப்ப வரும்னு சொல்ல முடியாது” என்றார்.

அந்த ஒரு தடவை தொடங்கியது. கொட்டகையில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. கதாநாயகன் கேட்டார். கீழே கிடந்த குவியல் சற்று அசைந்தது. பிறகு, எனக்கு நன்றாகத் தெரிந்த ஒரு குரல், சற்று வறண்ட, அவசரமில்லாத குரல், தெளிவாகச் சொன்னது:

“இருக்கலாம்.”

நான்தான் வாய்தவறிப் பேசிவிட்டேனோ என்று வாயைப் பொத்திக்கொண்டேன். அம்மா என் கையைக் கிள்ளி, “நீ ஏன் சாமி குறுக்க பேசற?” என்றாள்.

பிறகு ஒரே கூச்சல். “என் கால்ல விழுந்து கிடந்துக்கிட்டு இருக்கலாம்கிறா!” என்று கதாநாயகன் கத்தினார். டைரக்டர் உன்னைப் பார்த்து என்னவோ கேட்டார், நீ அழுதாய். அந்த அழுகை நிஜம், அதை மட்டும் கண்ணாடி இல்லாமலே கண்டுகொண்டேன். சவுண்டு பார்த்தவர் இந்தக் கலவரத்துக்கு நடுவில், “சத்தம் சுத்தமா விழுந்திருக்குங்க” என்று பெருமையாகச் சொன்னார். கதாநாயகனுக்கு மறுநாள் கோயமுத்தூரில் வேறு படம். ஃபிலிமும் இல்லை. முதலாளி வந்து கேட்டுவிட்டு, “அப்படியே விடுங்க. முடியற நேரத்துல யார் கேக்கப்போறாங்க, பாதி ஜனம் எந்திரிச்சிருக்கும்” என்றார்.

வீட்டுக்கு வந்து என் மடியில் முகத்தை வைத்துக்கொண்டாய். “போச்சு அம்மணி. ஆத்தூர்தான்.” நான் ஆறுதல் சொல்லத் தெரியாதவள். உன் முடியில் ஒட்டியிருந்த காகிதப்பூவை எடுத்துப் போட்டேன்.

படம் சேலத்தில் வெளியானபோது நாம் பெண்கள் பக்கத்தில் முக்காடு போட்டு உட்கார்ந்திருந்தோம். அதற்குள் எனக்குப் புதுக் கண்ணாடி வந்துவிட்டது. இரண்டரை மணி நேரம் நான் என்னையே பார்த்தேன். நான் உட்காரும் விதம், நான் நிமிரும் விதம், நடுவில் எனக்குச் சம்பந்தமில்லாத ஒரு டென்னிஸ் மட்டை. கடைசிக் காட்சி வந்தது. நீ என் விரலை நெரித்தாய். திரையில் நீ காலில் விழுந்து கிடந்தாய். முட்டியால் கண்ணாடியை மேலே தள்ளினாய். அந்த வார்த்தையைச் சொன்னாய்.

நமக்குப் பின்னாலிருந்து ஒரு கிழவி சிரித்தாள். அவளைத் தொடர்ந்து பெண்கள் பக்கம் முழுவதும் சிரித்தது. ஆண்கள் பக்கம் என்னவென்று புரியாமல் திரும்பிப் பார்த்தது. முதலாளி சொன்னதற்கு மாறாக ஒருத்தியும் எழுந்திருக்கவில்லை. அடுத்த காட்சிக்கும் அவர்களே டிக்கெட் வாங்கிக்கொண்டு நின்றார்கள்.

அந்த வாரம் அப்பா சாப்பிடும்போது குழம்பில் உப்பு குறைவு என்றார். கல்யாணமான நாள் முதல் அவர் சொன்னால் பதறி எழுந்து ஓடும் அம்மா, அசையாமல் அமர்ந்து, “இருக்கலாமுங்க” என்றாள். மரியாதையை விடவில்லை. அப்பா நிமிர்ந்து பார்த்துவிட்டுத் தாமே உப்பை எடுத்துப் போட்டுக்கொண்டார். மில்காரர் தம் இரண்டு மனைவியரோடு படம் பார்த்ததாகவும், மூன்றாவது கல்யாணத்தைப் பற்றி ‘நான் செய்வது சரிதானே’ என்று அவர்களிடம் கேட்டதாகவும், இருவரும் ஒரே குரலில் பதில் சொன்னதாகவும் உன் மாமா வந்து சொன்னார். இதை எவ்வளவு நம்பலாம் என்று தெரியவில்லை. தை மாதம் ஆத்தூருக்கு யாரும் போகவில்லை என்பது மட்டும் நிச்சயம்.

அதன்பிறகு நீ கதாநாயகி ஆனாய், அண்ணி ஆனாய், அம்மா ஆனாய், கடைசியில் நாலு மருமகள்களை ஆட்டிவைக்கும் மாமியார் ஆனாய். இவர்கள் எல்லோரும் மூக்குக்கண்ணாடியை முட்டியால் தள்ளினார்கள். லென்ஸில்லாத இந்தச் சட்டத்தைப் போட்டுக்கொண்டுதான் தள்ளினாய் என்று பிறகு அறிந்தேன். ஒரு பத்திரிகைக்காரர் இந்தப் பாணியை எங்கே கற்றீர்கள் என்று கேட்டதற்கு, “எல்லாம் சொந்தக் கற்பனை” என்று சொல்லியிருந்தாய். நான் பாடம் நடத்தும் கல்லூரியில் ஆசிரியர் அறையில் உட்கார்ந்து அதைப் படித்தேன். இரண்டு வரிக் கடிதம் போட்டேன். “உன் பேரைப் போட்டிருந்தா நீ வந்து என் கழுத்தை நெரிச்சிருப்பே” என்று பதில் வந்தது. உண்மைதான்.

ஒரு கேள்வியை மட்டும் உன்னிடம் பலமுறை கேட்டேன். அன்று அந்த வார்த்தை தவறி வந்ததா, வேண்டுமென்றே சொன்னாயா? ஒரு தடவை பயத்தில் வந்தது என்றாய். ஒரு தடவை பசியில் என்றாய். போன வருஷம் உன் படுக்கையருகில் உட்கார்ந்து, “வேணும்னுதானே சொன்னே?” என்று கேட்டேன். நீ முட்டியால் வெறும் மூக்கைத் தள்ளிவிட்டு ஜன்னலைப் பார்த்தாய். நான் மேலே பேசவில்லை. பேச வராது என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது. உன் மாமாவின் மேல் முதன்முறையாக இரக்கம் வந்தது.

நீ போனபின் ஒரு நாள் வகுப்பில் ஒரு மாணவி ஏதோ அபிப்பிராயம் சொன்னாள். நான் பதில் சொன்னேன். பின்வரிசையில் கிசுகிசுத்தார்கள்: “பாருடி, அப்படியே அந்த நடிகை மாதிரி பண்றாங்க. இந்த வயசுல இது தேவையா?” முப்பது வருஷமாகப் பாடம் பிசகாமல் நடத்துகிறவள் நான். அன்று அக்பரிலிருந்து நேராக ஔரங்கசீப்புக்குப் போய்விட்டேன்.

இதை எழுதி முடித்தபின் என் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, நீ திருப்பி அனுப்பியதைப் போட்டுப் பார்க்கிறேன். காதுப் பக்கம் உன் தலைக்கு ஏற்ப வளைந்திருக்கிறது, எனக்குப் பொருந்தவில்லை. அறை முழுவதும் மூட்டம், அன்று கொட்டகையில் இருந்தது போலவே. எதிர்ச் சுவரின் ஆளுயரக் கண்ணாடியில் பருத்திப் புடவையில் ஒருத்தி நிற்கிறாள். விரல் முட்டியை மூக்குக்குக் கொண்டுபோகிறாள். நான் அதை உன்னிடமிருந்து எடுத்துக்கொண்டேன் என்றுதான் இனி இந்த ஊர் சொல்லும்.

இருக்கலாம்.