வட்டு போன பிறகு அடித்த அடி

எட்டுக்கை அம்மன் துணை

வாழவந்தி நாடு, கொல்லிமலை
1937, சித்திரை

என் கண்ணு ராசப்பனுக்கு அம்மா பாவாயி எழுதுவது. அந்தக் குளிர் தேசத்தில் உன் உடம்புக்கு ஒன்றும் வராமல் இருக்க அம்மனை வேண்டுகிறேன். இங்கே நானும் அப்பாவும் மாடு கன்றும் சுகம். உன் தம்பி சின்னக்கண்ணு சுகமில்லை, அதை மறைத்து எழுத எனக்குத் தெரியாது. பொங்கல் வேட்டையில் அவன் கால் முறிந்துவிட்டது. ஆட்கள் பறையடித்துப் பன்றியை விரட்டிவர, முன்பெல்லாம் நீ நிற்கிற அதே பாறை இடுக்கில் அவன் ஈட்டியோடு வழிமறித்து நின்றான். பன்றி அவன் ஈட்டியில்தான் விழுந்தது. முதல் குத்து என்னுடையது என்று தேவனூர் நாட்டு அப்பாசாமி சண்டைக்கு வந்தான். பன்றி செத்துக் கிடக்கிறது, உன் தம்பி அதன் காலைக் கட்டக் குனிந்திருக்கிறான், அந்த நேரம் பார்த்து இவன் ஈட்டிக்கட்டையைத் திருப்பி முழங்காலுக்குக் கீழே ஓங்கிப் போட்டான். எலும்பு தோலைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்துவிட்டது. சேதி கேட்டதும் நான் அரிவாளைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். நாலு பேர் பிடித்திராவிட்டால் அவன் தலை அன்றைக்கே உருண்டிருக்கும், உன்னைக் கொலைகாரி மகன் என்று சொல்லியிருப்பார்கள்.

ஊர்க்கூட்டம் நம் வழக்கப்படிதான் தீர்த்தது. எலும்பை ஒடித்தவன், ஒடிந்தவன் எழுந்து நடக்கிறவரை அவன் காட்டு வேலையைச் செய்யவேண்டும், அந்த வீட்டு வாசலிலேயே சாப்பிடவேண்டும். முதல் நாள் அப்பாசாமி கஞ்சி கேட்டு வந்து நின்றான், கொதிக்கக் கொதிக்க அவன் மேல் வீசினேன். தோள் வெந்து தோல் உரிந்தது. துடைத்துக்கொண்டு ஏர் பூட்டப் போய்விட்டான். மிளகு பறித்ததும் அவன்தான், தம்பியை முதுகில் சுமந்து வெளியே கொண்டுபோய் வருவதும் அவன்தான். ஆரம்பத்தில் தம்பி அவன் தோளைக் கடித்துக் குதறினான், இப்போது அவன் வர நேரமானால் தேடுகிறான். மூங்கில் சிம்பு வைத்துக் கட்டியிருக்கிறது, கட்டு மாற்றுகிறபோதெல்லாம் தம்பி போடுகிற அலறலில் மாடு மிரளுகிறது. கால் தேறுமா என்று வைத்தியருக்கே நிச்சயமில்லை. எனக்கு இன்னும் ஆறவில்லை சாமி, அப்பாசாமி முதுகைப் பார்த்தால் கை பரபரக்கிறது.

இந்த லட்சணத்தில்தான் உன் கடுதாசி வந்தது. மிஷன் டாக்டர் துரை உன்னைப் படிக்கக் கூட்டிப்போனபோது நீ பனியைக் கண்டதுகூட இல்லை. போன வருஷங்களில் கத்தி வைத்த செருப்பைப் போட்டுக்கொண்டு, பனிக்கட்டி மேல் சறுக்கி மட்டையால் வட்டு அடிக்கிற ஆட்டம் பழகுகிறேன், விழுந்து விழுந்து எழுந்தேன் என்று எழுதினாய், பிறகு காலேஜ் கட்சியில் கோலுக்கு முன்னால் நின்று வருகிறவனைத் தடுக்கிற வேலை கிடைத்தது என்றாய், முன்பல் இரண்டு போய்விட்டது என்றாய். பாறை இடுக்கில் நின்று பழகியவன் ஆயிற்றே என்று எனக்குப் பெருமைதான். ஒரு தடவை அடித்ததற்காகக் கூண்டில் அடைத்தார்கள் என்று எழுதப்போய், உனக்கு ஜெயில் என்று நினைத்து உன் அப்பா அம்மனுக்குக் கிடா வெட்டிவிட்டார், அது ஆட்டத்தில் சும்மா கொஞ்ச நேரம் உட்காருகிற பெஞ்சு என்று வாத்தியார் சொன்ன பிறகுதான் உயிர் வந்தது. இந்தத் தடவை எழுதியிருக்கிறாய், வட்டு கைமாறிப் போன பிறகும் ஓடிப்போய் எதிராளியைப் பலகைச் சுவரோடு சேர்த்து இடித்தேன், அவன் கால் மடக்கென்று ஒடிந்த சத்தம் எனக்கே கேட்டது, ஜனமெல்லாம் எழுந்து நின்று கத்தியது, என்னைத் தலைவனாக்கிவிட்டார்கள், படிப்பு முடிந்ததும் பெரிய கட்சியில் ஆடக் கூப்பிடுகிறார்கள் என்று. அதற்குத் தண்டனை பெஞ்சில் ஐந்து நிமிஷமாம்.

தம்பி கேட்கட்டும் என்று சத்தமாகப் படித்தேன். வாசலில் சாப்பிட்டுக்கொண்டிருந்த அப்பாசாமி கையை நிறுத்திவிட்டு, "ஏனுங்க அத்தை, அந்தப் பையன் ஊட்டுக்கு உங்க மவன் போனாருங்களா?" என்று கேட்டான். எனக்கு வந்த ஆத்திரத்தில் உலக்கையை எடுத்து அவன் மண்டையைப் பிளந்திருப்பேன். என் பிள்ளையின் எலும்பை ஒடித்தவன் என்னைக் கேட்கிறான், நான் உன் கடுதாசியை முதலிலிருந்து திரும்பப் புரட்டிப் பார்த்தேன். தம்பி சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான். நாலு பக்கம் எழுதியிருக்கிறாய் கண்ணு, அந்தப் பிள்ளையின் பெயரைக்கூட எழுதவில்லை.

நீ ஆட வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. வருகிறவனை மறித்து நில், பல் போனாலும் போகட்டும். இந்தக் காகிதம் கைக்கு வந்த அன்றே அவன் வீட்டுக்குப் போ. அவன் அம்மா திட்டினால் வாங்கிக்கொள், கொதிக்கிறதை எடுத்து வீசினாலும் நகராதே, அவளுக்கு எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். விறகு பிளப்பாயோ பனியை வாருவாயோ, அவன் நடக்கிறவரை அந்த வீட்டு வேலையைச் செய். இங்கே எனக்கு வந்து நிற்க ஓர் ஆள் இருக்கிறான், அவளுக்கு யார் இருக்கிறார்கள்? குளிருக்குக் கம்பளியை விட்டுவிடாதே, பதில் எழுதும்போது அவன் பெயரை முதல் வரியில் எழுது.

இந்தத் தடவை ஆசீர்வாதம் உனக்கு இல்லை. கால் ஒடிந்து கிடக்கிற அந்தப் பிள்ளை எழுந்து நடக்கட்டும், ஓடட்டும், நூறு வயது இருக்கட்டும். நீயே போய் அவன் தலையில் கை வைத்துச் சொல்.

இப்படிக்கு
இரண்டு பிள்ளை பெற்ற உன் அம்மா,
பாவாயி