பெயர் எழுத வேண்டாம் என்றாய்

வெள்ளவத்தை
14.10.2007

அன்பு மகள் சுகிர்தாவுக்கு,

பிள்ளையார் துணையில் நானும் அப்பாவும் எழும்பி நடமாடிக்கொண்டிருக்கிறோம், நீயும் மருமகனும் லண்டனில் ஒரு நோய்நொடி இல்லாமல் இருக்க வேண்டும் என்றுதான் தினமும் விளக்கேற்றுகிறேன். விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், கடைசியில் எழுதினால் நீ பாதியில் வைத்துவிட்டுப் போய்விடுவாய், உன் குணம் எனக்குத் தெரியாதா. டிசம்பர் ரிக்கெற்றைக் கான்சல் பண்ணு. காசு போனால் போகட்டும், நீ கொழும்புக்கு வரக்கூடாது. ஏன் என்று கீழே எழுதுகிறேன், ஆறுதலாக இருந்து வாசி. தபாலில் போட மனம் வரவில்லை, கொட்டாஞ்சேனை றோஸி மகனிடம் லண்டனுக்கு வருகிறாள், அவள் தன் செபப்புத்தகத்துக்குள் வைத்துக் கொண்டுவருவாள்.

உன் படிப்புக்காக நீ அனுப்பிய கேள்வித்தாள்களால் வந்த வினை இது. பதகளிப்பு, அதுதான் மனப்பயம், என்பது ஒரே சாமான் இல்லை, உடம்பில் ஒரு விதம், யோசனையில் ஒரு விதம், வெளியே சனத்துக்குள் போகும்போது இன்னொரு விதம், ஒவ்வொன்றையும் தனித்தனியாக அளக்க வேண்டும், ஆட்கள் தாங்களே வாசித்து 'ஒருபோதும் இல்லை' என்பதிலிருந்து 'எப்போதும்' வரை ஏதாவது ஒன்றுக்குப் புள்ளடி போட வேண்டும் என்று நீ போனில் விளங்கப்படுத்தியபோது அப்பா சிரித்தார். உன்ரை மகள் பயத்தையும் அறக்குளா மீன் மாதிரித் தலை வேறை நடு வேறை வால் வேறை எண்டு வெட்டி நிறுக்கப் போறாள் என்றார். ஆனாலும் எங்கள் பிளாற் முழுக்க ஏறி இறங்கிக் கொடுத்தவர் அவர்தான், மகளின் ஆராய்ச்சி என்று அவ்வளவு புளுகம், பெருமை. கீழ்வீட்டு அன்னபாக்கியம் நெஞ்சு படபடக்குமா என்ற கேள்விக்கு 'ஒருபோதும் இல்லை' என்று போட்டாள், பொய் சொல்லாதை என்றேன், அது பிரஷர் எல்லோ அக்கா, பயமில்லை என்றாள். மகன் வேலையால் வரும்வரை ஜன்னலோடு ஒட்டிக்கொண்டு நிற்கிறாயே, அதற்கு என்ன போட்டாய் என்றால், அது பெத்தவளின்ரை வேலை, அதுக்கும் இல்லை எண்டுதான் போட்டனான் என்கிறாள். இப்படித்தான் எல்லோரும் இல்லை, இல்லை, இல்லை. இங்கே யாராவது கடதாசியில் கேள்வி கேட்டால் கை தன்பாட்டில் இல்லை என்றுதான் போடும்.

மேல்மாடி சிவபாதசுந்தரம் மாஸ்ரர் மட்டும் அப்படிச் செய்யவில்லை. கண் ஒப்பரேஷனுக்கு என்று யாழ்ப்பாணத்திலிருந்து வந்து, சண்டையில் பாதை பூட்டியதால் திரும்பிப் போக வழியில்லாமல் தனியாக இருந்த மனுஷன். கேள்வி எண்டால் உண்மையான பதில் எழுதவேணும் தங்கச்சி என்று சொல்லி, சோதனை எழுதுவது போல ஒவ்வொன்றாக யோசித்துப் போட்டார். சீருடைக்காரரைக் கண்டால் கைகால் நடுங்குமா என்று நீ கேட்டிருந்ததற்கு 'எப்போதும்' என்று போட்டதோடு நிற்காமல் ஓரத்தில் காரணமும் எழுதினார். வாசித்து எனக்கு அழுகை வந்தது.

நீ பெயர் எழுத வேண்டாம் என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தாய். உன் அப்பா அரசாங்கக் கச்சேரியில் வேலை பார்த்தவர் அல்லவா, பேரில்லாத கடதாசியை ஆர் நம்புவினம் என்று ஒவ்வொன்றின் தலைப்பிலும் கோடு கீறி, பெயர், பிளாற் இலக்கம், அடையாள அட்டை இலக்கம் எல்லாம் எழுதுவித்துக் கையெழுத்தும் வாங்கிவிட்டார். பொலிஸ் பதிவுக்கு எழுதி எழுதிப் பழகிய தமிழ்ச் சனம், ஏன் என்று ஒருவரும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. போதாக்குறைக்கு அந்தக் கேள்வித்தாள் கட்டையும் பொலிஸ் பதிவுத் துண்டு இருக்கும் பைலுக்குள்ளேயே வைத்தார். போன மாதம் ஒரு ஞாயிறு காலை ரோட்டை மறித்துப் பொலிஸ்காரர் சோதனைக்கு வந்தார்கள், பதிவைக் காட்டச் சொன்னார்கள், அப்பா அவசரத்தில் பைலை முழுதாகவே நீட்டிவிட்டார். தமிழ் வாசிக்கத் தெரிந்த ஒருவன் கதிரையில் இருந்து ஒவ்வொன்றாகப் புரட்டினான். மரியாதையானவன், என்னிடம் தண்ணீர் வாங்கிக் குடித்தான். கட்டைக் கொண்டுபோய்விட்டார்கள்.

அடுத்த கிழமை சிவில் உடுப்பில் இரண்டு பேர் வந்து மாஸ்ரரைக் கூட்டிக்கொண்டு போனார்கள். ஒரு பிழையும் செய்யாதவனுக்கு எங்களைக் கண்டால் ஏன் நடுக்கம் என்று படியிலேயே கேட்டார்களாம். போகிற போக்கில், தங்கச்சி, அடுப்பிலை சோறு கிடக்கு, ஒருக்காப் பாருங்கோ என்றார். பார்த்தேன், வடித்து மூடியும் வைத்தேன். மனுஷன் இன்னும் வரவில்லை. பொலிசில் அப்படி ஒரு ஆளை நாங்கள் எடுக்கவே இல்லை என்கிறார்கள். யாழ்ப்பாணத்திலிருந்து அவருடைய மனிசி போன் எடுத்தால், இப்பதான் கடைக்குப் போனவர் என்று சொல்லிக்கொண்டிருக்கிறேன். அந்தப் பாவம் என்னைச் சும்மா விடுமா? அப்பா சாப்பாட்டைத் தொடுவதே இல்லை.

அந்த மரியாதைக்காரன் போன வெள்ளி திரும்பவும் வந்தான். கேள்வித்தாளின் அடியில் அச்சடித்திருந்த உன் பெயரையும் யூனிவர்சிற்றியையும் சின்னத் துண்டில் எழுதி வைத்திருந்தான். வெள்ளவத்தைத் தமிழரின் பயத்தை லண்டனில் யாருக்குக் காட்ட அளக்கிறா என்று கேட்டான். படிப்புக்கு ஐயா என்று அப்பா சொன்னார், சொன்னதோடு நிற்காமல் பயத்தில், மகள் டிசம்பரில் வாறா, நீங்களே கேளுங்கோ என்றும் சொல்லிவிட்டார். அவன் சிரித்துக்கொண்டு, நல்லது, வரட்டும், எந்தப் பிளைற் என்று கேட்டுச் சொல்லுங்கள் என்றான். இனி அடிக்கடி வருவானாம்.

நீ அனுப்பிய தாளில் எனக்கென்று ஒன்று மிச்சம் இருந்தது, அதையும் அடுப்பில் போட்டுவிட்டேன். உன்னைப் பார்த்து நாலு வருஷம், எனக்கு ஆசை இல்லை என்று நினைக்காதே பிள்ளை, உன் அறைக்குப் புதுத் திரைச்சேலைகூடத் தைத்து வைத்திருக்கிறேன். குளிருக்குக் காதை மூடிக்கொண்டு வெளியே போ, நேரத்துக்குச் சாப்பிடு, மருமகனோடு சண்டை பிடிக்காதே. பிள்ளையார் உங்கள் இருவரையும் காக்கட்டும். ஒன்றை மட்டும் மறக்காதே. இனி நான் போனில், உன்னைப் பார்க்க வேணும் போலை கிடக்கு, எப்ப வாறாய், எந்தப் பிளைற் என்று கேட்டால், எனக்குப் பக்கத்தில் அவன் நிற்கிறான் என்று விளங்கிக்கொள். நான் அழுது கேட்டாலும் வராதே.

உன் வரவுக்குக் காத்திருந்த
அம்மா
பத்மாவதி