மசித்த அப்பிள்

தம்பிக்கு,

ஸலாம் சொல்லாமல் எழுதக்கூடாது என்பதற்காக மட்டும், அஸ்ஸலாமு அலைக்கும்.

நீ ஆட்டோவில் கொடுத்தனுப்பிய அப்பிள் இந்த வாரமும் கிடைத்தது. பாரிசவாதம் வந்து மூன்று மாதமாகப் படுத்திருக்கும் உம்மா அதைக் கடித்துத் தின்பா என்று நினைத்தாயா? தோலைச் சீவி, சின்னதாக வெட்டி, கொஞ்சம் தண்ணீரும் ஒரு கறுவாப்பட்டைத் துண்டும் போட்டு, மெல்லிய நெருப்பில் அவித்து, கரண்டியால் மசித்து நான்தான் ஊட்டுகிறேன். சீனி போடுவதில்லை. உம்மாவுக்குச் சீனி வருத்தம். அதுவாவது உனக்கு ஞாபகம் இருக்கிறதா?

"ஊடு ஒனக்குத்தானே சீதனமா வந்த, உம்மாவையும் நீதான் பாக்கணும்" என்று போனில் கதைத்தாயே, அந்த வாயோடு ஒரு நாள் இங்கே வா. சாய்ந்தமருதிலிருந்து கல்முனைக்கு பஸ்ஸில் பத்து நிமிடம்தான்.

கரண்டியை வாயருகே கொண்டுபோனதும், "மகன் வந்தவனா?" என்று உம்மா கேட்கிறா.

"ஓம் உம்மா, நீங்க நித்திரையா இருக்கக்குள்ள வந்து பாத்துட்டுப் போனவன்" என்று நானும் பொய் சொல்கிறேன். உடனே உனக்காகக் கையேந்தி துஆக் கேட்கிறா. ஒரு கைதான் உயர்கிறது.

இனி அப்பிள் அனுப்பாதே. வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்ததும் நீ வராவிட்டால் உம்மாவிடம் உண்மையைச் சொல்லிவிடுவேன். அதை மசித்துக் கொடுக்க எனக்குத் தெரியாது.

உன் ராத்தா