பன்னிரண்டாவது ஆள்

3.7.78
அம்மணி இன்றும் வந்தாள். பீகார் சுரங்கத்தில் தண்ணீர் புகுந்து அவள் புருஷன் செத்து ஏழு மாதம். இந்தப் பக்கத்திலிருந்து கரி வெட்டப் போன பதினோரு பேரும் போய்விட்டார்கள். கம்பெனிக்காரன் என்ன சொல்கிறான்? அப்படி யாரும் உள்ளே இறங்கவே இல்லையாம்! ஒரு போட்டோகூட இல்லாத ஜனம். பள்ளிக்கூடத்தில் டிராயிங் சொல்லிக்கொடுக்கிற நான் என்னத்தைக் கிழிக்க முடியும்? படம்தான் போட முடியும்.

9.7.78
பதினோரு பெண்களும் என் வீட்டில். புருஷன் எப்படி நிற்பான், கடப்பாரையை எந்தத் தோளில் வைப்பான் என்று அவர்கள் சொல்லச் சொல்ல, கிராஃப் தாளில் வரைந்தேன். "வவுறு இவ்ளோ இல்லீங்க டீச்சர்" என்று அழித்து அழித்து வரையவைத்தார்கள். நெசவாளி தணிகாசலம் தன் தறியில் ஒரே பட்டுத் துணியாக நெய்து தருகிறார். நூல் சுற்றுவது பெண்கள், முறை வைத்து. எங்கள் மனுவை விசாரிக்க அதிகாரி வரும்போது விரித்துக் காட்ட வேண்டும்.

2.8.78
தணிகாசலம் கற்பூரம் காட்டித் தறியிலிருந்து துணியை அறுத்தார். விரித்து எண்ணினேன். பன்னிரண்டு பேர்.

5.8.78
ஆளுக்கு ஒன்றாகத் துளை போட்டுத் தறியில் மாட்டிய அட்டைக்கட்டு பதினொன்றுதான். "நான் நெய்யலீங்க. நெய்யாம எப்டி வந்துச்சின்னு கேக்காதீங்க, எனக்கே பேஜாரா கீது" என்கிறார். கடைசி ஆள் நிற்கிற இடத்தில் மட்டும் பட்டு ஈரம். இரண்டு நாள் வெயிலில் போட்டும் காயவில்லை. பெண்கள் ஒவ்வொருத்தியாகக் குனிந்து பார்த்து, "எங்க ஆளு இல்ல" என்று விலகிப் போனார்கள்.

பயமாக இருக்கிறது. சீ, படித்தவளா நான்?

11.8.78
நாளை அதிகாரி வருகிறார். மனுவில் பதினொன்று, துணியில் பன்னிரண்டு என்றால் எல்லாமே கட்டுக்கதை என்பார். தணிகாசலம் தொடமாட்டேன் என்றுவிட்டார். நானே கத்தரியை எடுத்து அந்தக் கடைசி ஆளை வெட்டினேன். முழங்கை வரை சில்லிட்டுப் போயிற்று.

12.8.78
அதிகாரி ஒவ்வொரு உருவத்திலும் விரல் வைத்து, பெண்களிடம் கேட்டு எழுதிக்கொண்டார். "வேற யாரும் இல்லையே?" இல்லை என்று கையெழுத்துப் போட்டேன்.

21.8.78
படவேட்டிலிருந்து கன்னியம்மாள் என்று ஒருத்தி. அவள் புருஷனும் அதே சுரங்கம். காய்ச்சலில் கிடந்த யாருக்கோ பதிலாக, அந்த ஆள் பேரிலேயே இறங்கியிருக்கிறான். "சேதி வரும் வரும்னு குந்திகினு இருந்தேங்க. துணியில படம் போட்டீங்களாமே, அதுல அவரு கீறாரா?"

ஐயோ, என்ன பாவம் செய்தேன்! வெட்டிய துண்டை எடுத்துக் கொடுத்தேன். அவள் அழவில்லை. தலை துவட்டிவிடுவது போல முந்தானையால் மெல்ல ஒற்றினாள். காய்ந்துவிட்டது.

22.8.78
என் கையெழுத்து பொய் என்று நானே எழுதிக் கொடுக்க வேண்டும். கொடுத்தால் பதினோரு பேர் வழக்கும் கவிழலாம். பெண்களைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். அம்மணிதான், "தண்ணி பூந்தப்போ எங்க ஆளுங்ககூடத்தான இருந்தாரு? இப்ப மட்டும் இன்னாத்துக்குத் தனியா வுடணும்? எழுதுங்க டீச்சர்" என்றாள்.

கூட்டத்தில் இருந்த கன்னியம்மாளிடம் அவள் ஆளின் பேர் கேட்டேன். புருஷன் பேரைப் பெண்ஜாதி சொல்வதில்லை. அந்தப் பதினோரு பெண்களும் பக்கத்தில் இருந்தவளைவிட்டுத்தான் சொல்லவைத்தார்கள். கன்னியம்மாளுக்காகச் சொல்ல அங்கே அவனைத் தெரிந்தவர்கள் யாரும் இல்லை.

அவளே சொன்னாள். "வீரன்."