நேராக இருந்த எழுத்து

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

நான் நலம். நீங்களும் தங்கையும் நலமா என்று கேட்க எனக்கு முகம் இல்லை, இருந்தாலும் கேட்கிறேன். மணிக்கட்டு எப்படி இருக்கிறது? மாவுக்கட்டைப் பிரித்துவிட்டார்களா?

பட்டறைக் கூரை மழைக்கு ஒழுகுகிறது. தார்ப்பாய் கட்டி ஒப்பேற்றுகிறேன். நீங்கள் இருந்தால் அரை நாளில் அடைத்திருப்பீர்கள். அருங்காட்சியகத்துக்காரர் மட்டும் விடுவதாயில்லை. அன்று முறிந்துபோன அந்தப் பறக்கும் திருகு இயந்திரத்தை மறுபடி செய்து கொடுங்கள் என்கிறார். அதற்காக நேற்று கணினியில் பழைய படக் கோப்பைத் திறந்தேன்.

எப்படிச் சொல்வேன், மாப்பிள்ளை! ஐந்நூறு வருடத்துக்கு முன் அதை வரைந்த அந்த வெளிநாட்டு ஓவியர், கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலம் மாற்றித்தான் எழுதுவார். ஆனால் நான் உங்களிடம் கொடுத்த படத்தில் எழுத்து நேராக இருந்தது. நேராக இருக்கவே கூடாது! குறிப்பைப் படிப்பதற்காக நான்தான் கணினியில் புரட்டினேன். படமும் சேர்ந்து புரண்டுவிட்டது. திருப்பிப் போட மறந்து தொலைத்தேன். அதைப் பார்த்து நீங்கள் செய்த திருகின் முறுக்கும் எதிர்ப்பக்கமாகிவிட்டது. இன்ஜினோ ஒரே பக்கம்தான் சுற்றும். மேலே தூக்க வேண்டியது, கீழே அழுத்தித் தாங்கியை முறித்தது.

ஆரம்பத்திலேயே, "சுத்துற பக்கம் இடிக்குதே, மச்சான்" என்றீர்கள். "படத்துல இருக்கறத செய்ங்க, போதும்" என்று வாயை அடைத்தேன். அருங்காட்சியகத்தில் ஓட்டிக் காட்டிய அன்று, இன்ஜினை நிறுத்த ஓடியதும் நீங்கள்தான். கம்பி அடித்துக் கையைப் பிடித்துக்கொண்டு நின்றவரைப் பார்த்து, அத்தனை பேர் முன்னால், "வெல்டிங் அடிக்கிறவனுக்குப் படம் பார்க்கத் தெரியுமா?" என்று கத்தினேன். வீட்டு மாப்பிள்ளையை 'அவன்' என்ற நாக்கு இது.

தவறு என்னுடையது என்று அருங்காட்சியகத்துக்காரரிடம் இன்று காலை எழுதிக் கொடுத்துவிட்டேன். அன்று வந்திருந்தவர்களுக்கும் தெரிவிக்கச் சொன்னேன். வேலை என் கையை விட்டுப் போகும். போகட்டும். உங்கள் பெயரில் ஒட்டிய கறை போனால் போதும்.

உங்கள் கை சீக்கிரம் தேறட்டும். இருவரும் நன்றாக இருங்கள்.

அன்றே உங்களோடு ஊருக்கு வண்டி ஏறும்போது தங்கை, "இனிமே எனக்கு அண்ணனே கிடையாது" என்றாள். பிடிவாதக்காரி, ஐந்து வாரமாகப் போனை எடுக்கவில்லை. நீங்கள் சொன்னால்தான் கேட்பாள். என்னை மன்னிக்கச் சொல்ல வேண்டாம். ஒரு தடவை கூப்பிட்டுத் திட்டச் சொல்லுங்கள். திட்டுவதற்காவது 'அண்ணா' என்றுதானே ஆரம்பிப்பாள்.

வருத்தத்துடன்,
உங்கள் மச்சான்