அத்தை கட்டிய ஊர்

2005 அக்டோபர் 9, ஞாயிறு

ஆறாம் வகுப்பு அறிவியல் வினாத்தாள் அடித்துக்கொண்டிருந்தேன். கம்ப்யூட்டர் மூன்று தடவை தானாக அணைந்து எழுந்தது. மூன்றாவது தடவை பதினாலு கேள்வி போயிற்று. பள்ளிக்கூடத்திலிருந்து வந்த ஃபிளாப்பியில் வைரஸ் இருந்திருக்கும். சொன்னால் தலைமையாசிரியருக்குக் கோபம் வரும், அடுத்த வேலை வராது. சொல்லவில்லை.

நான் எழுந்ததும் அத்தை வந்து உட்கார்ந்துவிட்டார். கைத்தடியைச் சுவரில் சாய்த்து, வலது காலை முக்காலியில் நீட்டி, மவுஸைப் பிடித்தால் அப்புறம் கூப்பிட்டாலும் காதில் விழாது. மார்ச்சில் மிளகு பறிக்கும்போது ஏணி சரிந்து தொடை எலும்பு முறிந்தது. நாமக்கல்லில் கம்பி வைத்தார்கள். மூன்று மாதம் படுக்கை. ஒரு நாள் கூட காட்டுக்குப் போகாமல் இருந்து பழக்கமில்லாத மனுஷி சுவரைப் பார்த்துக்கொண்டு கிடந்தார். பார்க்க முடியாமல்தான் ஒரு நாள் இந்தத் தீவு விளையாட்டின் முன்னால் உட்கார வைத்தேன். காலியாக ஒரு தீவு வரும். காடு திருத்தி, தண்ணீர் கொண்டுவந்து, வயல் போட்டு, வீடு கட்டி ஊராக்க வேண்டும். ஊருக்குப் பேர் கேட்டது. பாப்பாயி என்று அத்தையின் பேரையே ஆங்கிலத்தில் அடித்துக் கொடுத்தேன். எழுதப் படிக்கத் தெரியாது. படத்தைப் பார்த்தே எல்லாம் பிடித்துக்கொண்டார்.

அதில் கோதுமை மட்டும்தான் விளையும். மரவள்ளி இல்லை, சாமை இல்லை. அது அத்தைக்கு இன்றுவரை குறைதான். “கோதுமையத் தின்னுபோட்டு இவனுக எப்பிடி மம்புட்டி புடிப்பானுக” என்றார் இன்றைக்கும்.

கல்யாணமாகி இரண்டு வருஷத்தில் நாங்கள் பேசியதைவிட இந்த நான்கு மாதத்தில் அந்தத் தீவைப் பற்றிப் பேசியது அதிகம்.

அக்டோபர் 14, வெள்ளி

வீட்டுக்காரர் போன் பண்ணினார். ஆழ்துளைக் கிணறு போடுகிற வண்டி ராய்ப்பூர் பக்கம் நிற்கிறதாம். பாறை கெட்டி, ஒரு நாளைக்கு ஒரு போர்தான் இறங்குகிறது என்றார். பிறகு நான் இரண்டு வருஷமாகக் காத்திருந்த செய்தியைச் சொன்னார். திருச்செங்கோட்டில் வண்டி முதலாளிக்குத் தெரிந்த இடத்தில் ஒரு வீடு காலியாகிறது. தை பிறந்ததும் போய்விடலாம். முன்னறையில் நான் டைப்படிக்கிற கடை வைக்கலாம்.

அத்தையைப் பற்றிக் கேட்டேன். அம்மா காட்டை விட்டுட்டு எங்கேயும் வராது, பக்கத்திலேயே சித்தப்பா ஊடு இருக்குதில்ல என்றார்.

சந்தோஷமாக இருக்கிறது. ஏன் இருக்கக் கூடாது? அத்தையிடம் நான் எப்படிச் சொல்வது என்றுதான் தெரியவில்லை. போன் கூடத்தில் இருக்கிறது. அத்தையும் கூடத்தில்தான் இருந்தார். கேட்டிருப்பாரோ?

அக்டோபர் 27, வியாழன்

மழை. அத்தை ஒரு வாய்க்கால் வெட்டி முடித்து என்னைக் கூப்பிட்டுக் காட்டினார். நல்லா இருக்குதுங்க அத்தை என்றேன். வேலை அவசரத்தில் சரியாகப் பார்க்கவில்லை.

நவம்பர் 3, வியாழன்

தீபாவளிக்கு அவர் வரவில்லை. வண்டி வேலையை விட்டு நகர முடியாதாம். அத்தையும் நானும் ஆளுக்கு இரண்டு முறுக்கு தின்றோம், பட்டாசு வாங்கவில்லை.

கம்ப்யூட்டர் இப்போது பத்து நிமிஷத்துக்கு ஒரு தரம் அணைகிறது. அரையாண்டுத் தேர்வுக்கு ஐந்து வகுப்பு வினாத்தாள் பாக்கி. நாமக்கல்லில் கம்ப்யூட்டர் பழுது பார்க்கிற அர்த்தனாரியிடம் போனில் கேட்டேன். எல்லாவற்றையும் துடைத்துவிட்டுப் புதிதாகப் போட்டால்தான் தீரும் என்றார்.

அத்தை கேட்டுக்கொண்டே இருந்தவர், “அப்ப ஊரும் போயிருமா?” என்றார்.

போகாதுங்க, எடுத்து வைத்துக்கொள்ளலாம் என்றேன். தலையாட்டினார். அப்புறம் அன்றைக்கு விளையாடவில்லை.

நவம்பர் 15, செவ்வாய்

ஹார்டு டிஸ்க்கில் சி, டி என்று இரண்டு பாகம். துடைப்பது சி மட்டும். வேண்டியதையெல்லாம் இன்று டி-யில் எடுத்து வைத்தேன். வினாத்தாள்கள், இரண்டு கல்யாணப் பத்திரிகை, விளையாட்டு ஃபோல்டர் முழுவதும். நடுவில் நான்கு தரம் அணைந்தது. நான்கு தரமும் முதலில் இருந்து.

அத்தை பக்கத்தில் நின்று, எல்லாம் வந்திருச்சா, எல்லாம் வந்திருச்சா என்று கேட்டுக்கொண்டே இருந்தார். வந்திருச்சுங்க என்றேன். கம்ப்யூட்டர் படித்தவள் என்கிற நினைப்பு எனக்கு.

நவம்பர் 16, புதன்

பெட்டியைப் போர்வையில் சுற்றி, பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு மலைப்பாதையின் எழுபது வளைவும் இறங்கினேன். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மா, குழந்தையா என்று போர்வையை விலக்கிப் பார்த்தார்.

மூன்று மணி நேரத்தில் அர்த்தனாரி முடித்துக் கொடுத்துவிட்டார். கிளம்பும்போது, துடைப்பதற்கு முன்னால் பழையதையெல்லாம் ஒரு நகல் எடுத்து ஒரு வாரம் வைத்திருப்பது தன் வழக்கம், ஏதாவது விட்டுப்போயிருந்தால் அதற்குள் வரச் சொன்னார். எதுவும் விடவில்லைங்க என்று சொல்லிவிட்டு வந்தேன்.

ஊருக்கு வந்து சேரும்போது கனத்த மழை. கரண்ட் இல்லை.

நவம்பர் 19, சனி

நான்கு நாளாகக் கரண்ட் இல்லை. போனும் செத்துவிட்டது. அத்தை கம்ப்யூட்டரின் மேல் ஈரம் படாமல் தன் பழைய சேலையை நாலாக மடித்துப் போர்த்தியிருக்கிறார்.

நவம்பர் 21, திங்கள்

மத்தியானம் கரண்ட் வந்தது. விளையாட்டை மறுபடி ஏற்றி, எடுத்து வைத்த ஃபோல்டரை அதன் இடத்தில் போட்டேன். அத்தை முகம் கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தார்.

திறந்தது. காலித் தீவு. ஊருக்குப் பேர் என்ன என்று கேட்டது.

இன்னொரு தடவை திறந்தேன். அதேதான். ஃபோல்டருக்குள் ஒவ்வொன்றாகப் பார்த்தேன். படம் இருக்கிறது, சத்தம் இருக்கிறது, அத்தையின் ஊர் இல்லை. இந்த விளையாட்டு ஊர்களை வேறு எங்கேயோ வைத்திருந்திருக்கிறது. எங்கே என்று நான் பார்க்கவே இல்லையே. ஐந்து மாதம். அவர் ஐந்து மாதம் உட்கார்ந்து கட்டியதை நான் ஒரு மத்தியானத்தில் தொலைத்துவிட்டேன். படிச்சு என்ன பிரயோசனம் எனக்கு? வந்திருச்சுங்க வந்திருச்சுங்கன்னு வாய் கிழியச் சொன்னேனே.

அத்தை ஒரு வார்த்தை திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். “போவுது உடு கண்ணு, நெசக் காடா போயிருச்சு” என்று எழுந்து போய்ப் படுத்துக்கொண்டார். ராத்திரி சோறு வேண்டாம் என்றுவிட்டார். வயிறு சரியில்லையாம்.

பதினாறாம் தேதி கொடுத்தது. நாளை மறுநாளோடு ஒரு வாரம். போன் இல்லை. நாளைக்கே போக வேண்டும்.

நவம்பர் 22, செவ்வாய்

கால் இரண்டும் வீங்கியிருக்கிறது. ஆனாலும் எழுதிவிட வேண்டும்.

வினாத்தாளுக்குக் காகிதம் வாங்க நாமக்கல் போகிறேன் என்று அத்தையிடம் பொய் சொன்னேன். கிடைக்காவிட்டால் இன்னொரு தடவை அந்த முகத்தைப் பார்க்க முடியாது. முதல் பஸ் பதினாறாவது வளைவில் நின்றுவிட்டது. பாதைக்குக் குறுக்கே மரம். மரம் வெட்ட ஆள் வரும் வரை இருக்கச் சொன்னார் கண்டக்டர். எல்லோரும் இருந்தார்கள். நான் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு மரத்தைத் தாண்டி நடந்தேன். வழியெல்லாம் செம்மண் தண்ணீர். அடிவாரத்தில் காரவள்ளி வந்தபோது முழங்கால் வரை சேறு. அங்கிருந்து ஒரு பால் வண்டியில் ஏறி, சேந்தமங்கலம் வந்து, நாமக்கல் பஸ் பிடித்தேன்.

அர்த்தனாரி என்னைப் பார்த்ததும் முதலில் நாற்காலியை இழுத்துப் போட்டார். சொன்னேன். விளையாட்டு சேமிப்பது அதன் ஃபோல்டரில் இல்லீங்க, நம்ம பேரில் இருக்கிற ஃபோல்டருக்குள்ளே கண்ணுக்குத் தெரியாமல் மறைத்து வைத்த ஒன்று இருக்கும், அதில்தான் என்று திறந்து காட்டினார். இருந்தது. நாளை சாயங்காலம் அழித்திருப்பாராம்.

“ரெண்டு ஊரு இருக்குதுங்க. எது வேணும்?” என்றார்.

ஒன்றுதான் இருக்க வேண்டும் என்று எட்டிப் பார்த்தேன். ஒன்று பாப்பாயி, நான் அடித்தது. இன்னொன்று என் பேர். ஆங்கிலத்தில் சத்யா, ஆனால் நடுவில் ஒரு டி அதிகம். நான் அப்படி எழுத மாட்டேன். யாரும் எழுத மாட்டார்கள். என் வாக்காளர் அட்டையில் மட்டும்தான் அந்தத் தப்பு இருக்கிறது.

இரண்டும் வேணுமுங்க என்றேன். சி.டி.யில் போட்டுக் கொடுத்தார். திரும்பும்போது மரத்தை அகற்றியிருந்தார்கள். வளைவு வளைவாக பஸ் ஏற ஏற, அத்தை ட்ரங்குப் பெட்டியிலிருந்து அட்டையை எடுத்து, பக்கத்தில் வைத்துக்கொண்டு, எழுத்துக்கு எழுத்து கீபோர்டில் தேடி அடித்திருப்பதை நினைத்துப் பார்த்துக்கொண்டே வந்தேன். எத்தனை நேரம் ஆகியிருக்கும்?

நவம்பர் 23, புதன்

காலையில் மறைவு ஃபோல்டரைக் கண்டுபிடித்து இரண்டையும் அதில் வைத்தேன். வெளியே பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த அத்தையைக் கூப்பிட்டேன். கைத்தடி இல்லாமலே நான்கு எட்டு வந்துவிட்டார், பிறகுதான் சுவரைப் பிடித்தார்.

பழைய ஊர் அப்படியே இருந்தது. ஒவ்வொரு வீடாகப் பார்த்தார். ஆற்றுக்கு அந்தப் பக்கம் நாலைந்து வீடு தனியாக இருக்கும். தனக்குப் பிடிக்காதவர்களையெல்லாம் அங்கே குடிவைத்திருப்பதாக முன்பு ஒரு தடவை சொல்லியிருக்கிறார். அவர்களும் சேதமில்லாமல் இருந்தார்கள்.

இன்னொன்றைத் திறந்தேன். அத்தை மவுஸிலிருந்து கையை எடுத்துவிட்டார்.

சின்ன ஊர்தான். அன்றைக்கு என்னைக் கூப்பிட்டுக் காட்டிய வாய்க்கால் இதில் இருக்கிறது. வாய்க்கால் ஓரத்தில் வீடு. சந்தைக்குப் பக்கத்தில் தனியாக ஒரு கட்டடம்.

இது என்னங்க அத்தை என்றேன்.

“அது உன்னுது. தை பொறந்தா நீ திருச்செங்கோடு போயிருவ. பொட்டியும் உன்னோட போயிரும். நாங் கட்டுன ஊரு அதுக்குள்ளயே கெடக்கும், நீ எங்க அதத் தொறக்கப் போற? உம்பேர்ல ஒண்ணு இருந்தா எப்பவாச்சும் தொறப்பயில்ல” என்றார். பிறகு அந்தத் தனிக் கட்டடத்தைத் தொட்டுக் காட்டி, “டைப்படிக்கற கடை” என்றார்.

கேட்டிருக்கிறார். அன்றைக்கே. ஒரு மாதமாக ஒன்றும் காட்டாமல் எனக்கு ஊர் கட்டிக்கொண்டு இருந்திருக்கிறார்.

எழுந்து போய் மாட்டுக்குத் தண்ணீர் காட்டினேன். அது குடிக்கவில்லை. அத்தை ஏற்கெனவே காட்டியிருந்தார்.

நவம்பர் 26, சனி

புதுத் தொல்லை. ஊர் திறக்கிறது, விளையாடலாம், ஆனால் சேமிக்க மாட்டேன் என்கிறது. நேற்று அத்தை போட்ட இரண்டு வயலும் இன்றைக்குக் காணோம். அவர் மறுபடி போட்டார். அதுவும் போயிற்று.

மத்தியானம் போன் உயிர் பெற்றது. அர்த்தனாரிக்கு அடித்தேன். சிரித்தார். சி.டி.யிலிருந்து எடுத்து வைத்தால் ‘படிக்க மட்டும்’ என்கிற குறியோடுதான் வருமாம். அந்த டிக்கை எடுத்துவிட்டால் போதும். எடுத்தேன். அத்தை ஒரே ஒரு வீடு கட்டி, மூடி, திறந்து, அது இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் சோறு தின்றார்.

இனி மாதா மாதம் இரண்டு நகல். ஒன்று டி-யில், ஒன்று சி.டி.யில். எடுத்ததும் திறந்து பார்க்க வேண்டும். திறந்து பார்க்காத நகலை நம்பக் கூடாது.

டிசம்பர் 11, ஞாயிறு

வினாத்தாள் எல்லாம் கொடுத்து முடித்தாயிற்று. இன்று முழுக்க என் ஊரில் நான் விளையாடினேன். அத்தை பின்னால் நின்று குறை சொன்னார். வீட்டை இவ்வளவு நெருக்கமாக வைத்தால் தீப்பிடித்தால் என்ன செய்வாய், மேட்டில் வயல் போட்டால் தண்ணீர் எப்படி ஏறும், இதற்கு நான் கட்டினதே தேவலை. நான் கேட்கவில்லை. சாயங்காலம் வயல் காய்ந்துவிட்டது.

டிசம்பர் 30, வெள்ளி

அத்தை கைத்தடியோடு மிளகுக்கொடி வரை போய்விட்டு வந்தார். கூட வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார். கிணற்றடியில் நின்று, அவர் திரும்பி வரும் வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.

2006 ஜனவரி 18, புதன்

பொங்கலுக்கு வந்திருந்த அவர் முந்தாநாள் வண்டி ஏறினார். இன்று திருச்செங்கோட்டிலிருந்து போன். வீட்டைப் பார்த்தாராம். தண்ணீர் வசதி நன்றாக இருக்கிறது, முன்னறை கடைக்குத் தோதாக இருக்கிறது, பேசி முடித்துவிடட்டுமா என்றார்.

அவர் இங்கே இருந்த நான்கு நாளும் சொல்லலாம் சொல்லலாம் என்று இருந்து சொல்லாமல் விட்டதைச் சொன்னேன். “வேற யாருக்காவது விடச் சொல்லுங்க. நீங்க வருசத்துல ஒம்பது மாசம் வண்டியில இருக்கறீங்க. அங்க நான் யாரோட பேசறதுங்க?” என்றேன். கடையை இங்கே மலைமேல் செம்மேட்டிலேயே, பஸ் நிற்கிற இடத்தில் வைக்கலாம் என்று இருக்கிறேன் என்றும் சொன்னேன்.



“அம்மா என்ன சொல்லுது?” என்றார்.

“அத்தை ஒண்ணும் சொல்லலீங்க. இன்னும் அவங்ககிட்ட நான் கேக்கல” என்றேன்.

அத்தை அடுப்படியில் இருந்தார். குழம்புக்குப் போட்ட உப்பை மறந்து இன்னொரு தடவை போட்டிருக்கிறார். வாயில் வைக்க முடியவில்லை. இரண்டு பேரும் முழுவதும் சாப்பிட்டோம்.