சஹனில் அவருடைய பாதி

வெள்ளிக்கிழமை, இஷாத் தொழுகைக்குப் பின்.

நான் கட்டின மாப்பிள்ளை போன படகு கற்பிட்டிக் கடலில் மூழ்கி ஒரு கிழமை. அடக்கம் செய்ய மையித்து கிடைக்கவில்லை. இன்று தேடுவதை நிறுத்திவிட்டார்கள். மாமி, அவருடைய உம்மா, எனக்கு வெள்ளைச் சேலை கொண்டுவந்தார்.

"நாலு மாசம் பத்து நாள் இத்தா இரி மகள். இனிப் பாத்துக்கிட்டு இருக்க ஏலாது."

உடுத்திக்கொண்டேன். அழுகை வரவில்லை. என் வாப்பாவின் இறால் பண்ணையும் அவருடைய வாப்பாவின் படகுகளும் செய்துகொண்ட கல்யாணம். புத்தளமே வந்து சாப்பிட்டது. நாங்கள் இருவரும் கூச்சமில்லாமல் கதைக்கத் தொடங்கியதே போன மாதம்தான்.

ராச் சாப்பாட்டுக்கு மாமி, நானும் அவரும் ஒன்றாகச் சாப்பிடும் சஹன் தட்டிலேயே சோறு வைத்தார். இரண்டு பேருக்கான சோறு. அவர் பக்கம் பெரிய மீன் துண்டு.

"மாமி, நான் மட்டுந்தானே?"

"ஓம் மகள், தெரியும்."

ஆனால் மாமி அந்தத் துண்டைத் திருப்பி எடுக்கவில்லை. நான் விரலால் நடுவில் கோடு கிழித்து, என் பக்கத்தை மட்டும் சாப்பிட்டேன். மீதியை மாமி மூடி வைத்தார்.